தாயாட்டின் அளவு

பிப்ரவரி பிறந்த சில நாட்களில் வாயோஸின் கொட்டிலில் ஒரு கிடாய்க்குட்டி எழுந்திருக்க மறுத்தது. காய்ச்சல் இல்லை, கழிச்சல் இல்லை, கண் பளிச்சென்று இருந்தது. தூக்கிக்கொண்டுபோய்த் தாயின் மடியருகே வைத்தால் வாலை ஆட்டி ஆட்டிப் பால் குடித்தது. ஆனால் பின்னங்கால் இரண்டும் கட்டையாக விறைத்திருந்தன. பிடித்து நிறுத்தினால் முதுகைக் கூனிக்கொண்டு, நடுங்கி, பொய்க்கால் கட்டியவன் மாதிரி நாலடி எடுத்துவைத்துவிட்டு அப்படியே சரிந்தது.

வாயோஸ் ஆட்டுக்காரக் குடும்பத்தில் பிறந்தவன் அல்ல. நிலக்கரி மின்நிலையத்தில் பிட்டராக இருந்தவன். நிலையத்தை ஒவ்வொரு பகுதியாக மூடிக்கொண்டு வந்தபோது அவனுடைய பகுதியும் மூடப்பட்டது. கையில் வந்த பணத்தோடு, க்ரெவெனா நகருக்கு மேலே மலையில் இருந்த மனைவி தோமாயியின் ஊருக்கு வந்து சேர்ந்தான். தோமாயியின் அண்ணன்மார்கள் ஜெர்மனிக்குப் போய் அங்கேயே வேர்விட்டிருந்தார்கள். வீடும் கொட்டிலும் புல்வெளியும் சும்மா கிடந்தன. ஆடு வளர்க்கலாம் என்று சொன்னது வாயோஸ்தான். தோமாயி ஆடுகளோடு வளர்ந்தவள் என்பதால் அவளுக்கு அந்த ஆசை சுத்தமாக இல்லை. ஆனாலும் வேண்டாம் என்று ஒருமுறை சொல்லிப்பார்த்துவிட்டு, கையை மடித்துவிட்டுக்கொண்டு வேலையில் இறங்கிவிட்டாள்.

எதையும் அரைகுறையாகச் செய்வது வாயோஸுக்கு ஆகாது. வந்த முதல் இலையுதிர்காலத்திலேயே கொட்டிலின் மண்தரையைத் தோண்டி எடுத்துவிட்டுச் சிமென்ட் போட்டான். வாட்டம் பிடித்து, வடிகால் வைத்து, ஒரு சொட்டு மூத்திரம் தேங்காதபடி இழைத்து வைத்திருந்தான். ஊரில் பாதிப்பேர் வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். ஆடு சிமென்ட்டில் படுத்தால் குளிர் ஏறும் என்று தோமாயி அன்றைக்கே சொன்னாள். ஆகவே குட்டி விறைத்துக் கிடந்ததைப் பார்த்ததும் அவள் தரையைப் பார்த்தாள், பிறகு அவனைப் பார்த்தாள். அது போதுமாக இருந்தது.

அன்றைக்கே வாயோஸ் குட்டிகளுக்குக் கீழே வைக்கோலை முழங்கால் உயரத்துக்குப் பரப்பினான். மறுநாள் இன்னும் இரண்டு குட்டிகள் அதேபோல் விறைத்தன.

ப்ரோத்ரோமோஸின் காப்பிக்கடையில் ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். ஒருவர் பால் அதிகம் என்றார். ஒருவர் கண்ணேறு என்றார். ப்ரோத்ரோமோஸ் கோப்பையைத் துடைத்துக்கொண்டே, குட்டிகளுக்கு நட்டு போல்ட் லூசாகியிருக்கும், ஸ்பானரை எடுத்துக்கொண்டு போய் முறுக்கிப் பார் என்று சொன்னான். எல்லோரும் சிரித்தார்கள். வாயோஸும் சிரித்துவைத்தான்.

அந்த வார நடுவில் நல்ல வெயில் அடித்தது. அடைந்தே கிடந்தால் இன்னும் விறைக்கும் என்று நினைத்து வாயோஸ் பட்டியைத் திறந்துவிட்டான். குட்டிகள் துள்ளிக்கொண்டு ஓடின. அவற்றில் எல்லாவற்றையும்விடக் கொழுத்த ஒன்று, அதுவரை எந்தக் குறையும் இல்லாதது, வேலியோரம் ஒரு துள்ளு துள்ளி இறங்கி விழுந்தது. அவன் போய்ச் சேர்வதற்குள் செத்திருந்தது.

தோமாயி அதற்குமேல் யாரையும் கேட்கவில்லை. க்ரெவெனாவுக்குப் போன் போட்டு கால்நடை டாக்டரை வரச்சொன்னாள்.

டாக்டர் அஸ்பசியாவுக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். மலை ஊர்கள் அத்தனைக்கும் அவள் ஒருத்திதான். எப்போதும் அடுத்த ஊருக்கு நேரமாகிவிட்டது என்கிற முகத்தோடுதான் வந்து இறங்குவாள். செத்த குட்டியை அவளுடைய பிக்கப் வண்டியின் பின்பலகையில் கிடத்தி, தொடைத் தோலை உரித்து, சதையைக் கத்தியால் பிளந்து காட்டினாள். சிவப்பாக இருக்கவேண்டிய சதை வேகவைத்த கோழி மாதிரி வெளுத்திருந்தது. நடுநடுவே சுண்ணாம்பைத் தீற்றியதுபோல் கோடுகள். மறு தொடையையும் பிளந்தாள். அதே இடத்தில் அதே வெளுப்பு. இதயத்தை எடுத்து வெட்டினாள். அதிலும் கோடு இருந்தது.

"வெயில்ல விட்டதால சாகலை. இதயம் ஏற்கனவே இப்படித்தான் இருந்திருக்கு. துள்ளினதும் தாங்கலை," என்றாள்.

"சிமென்ட் குளிரா டாக்டரம்மா?" என்று வாயோஸ் கேட்டான். கேட்கும்போது தோமாயி பக்கம் திரும்பவில்லை.

"தரைக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. தரை நல்லாத்தான் இருக்கு. போன வருஷம் பூரா தாயாடுங்களுக்கு என்ன போட்டீங்க?"

அவன் பெருமையோடு சொன்னான். எல்லாம் சொந்தப் புல். மேட்டுப் புல்வெளியில் தானே அறுத்துக் காயவைத்தது. கொஞ்சம் பார்லி. கடைத்தீவனம் ஒரு மூட்டைகூட வாங்கவில்லை. அறுத்துப்போட்ட புல் இரண்டு தடவை மழையில் நனைந்ததையும், திரும்பத் திரும்ப உதறிக் காயவைத்ததையும் தோமாயி சேர்த்துச் சொன்னாள்.

அஸ்பசியா தலையை ஆட்டினாள். "செலினியம்னு ஒரு தாது இருக்கு. துளியூண்டு போதும், ஆனா அந்தத் துளி இருந்தே ஆகணும். இந்த மலை மண்ணுல அது இல்ல. மண்ணுல இல்லாதது புல்லுக்கு எங்கேருந்து வரும்? புல்லுல இருக்கிற வைட்டமின் ஈ கொஞ்சம் ஈடு கட்டும். அதுவும் மழையில போயிடுச்சு. சினையா இருக்கறப்பவே குட்டிங்களுக்குக் கிடைக்கலை. சதை அது இல்லாம தாங்காது."

தன் அப்பா காலத்தில் இப்படி ஒன்றைப் பார்த்ததே இல்லை என்றாள் தோமாயி. அவர் பனிக்காலத்தில் மந்தையைத் தெசலி சமவெளிக்கு ஓட்டிக்கொண்டு போய்விடுவார், அங்கே மண் வேறு, புல் வேறு என்று அஸ்பசியா சுருக்கமாக முடித்துவிட்டாள்.

விறைத்துக் கிடந்த குட்டிகளுக்கு அவளே ஊசி போட்டாள். மேற்கே வானம் கறுத்துக்கொண்டு வந்தது. பனி விழுவதற்குள் அவள் இன்னொரு ஊருக்கு ஏறவேண்டியிருந்தது. அதனால் மருந்துக் குப்பியையும் சிரிஞ்சுகளையும் கொடுத்து, மற்ற குட்டிகளுக்கும் தாயாடுகளுக்கும் அன்றைக்கே போட்டுவிடச் சொன்னாள். சிரிஞ்சைத் தூக்கிப் பிடித்துக் காட்டினாள். குட்டிக்குக் கீழே இருக்கும் இந்தச் சின்னக் கோடு. தாய்க்கு மேலே இந்தக் கோடு. ஒரே தடவை. மறுபடி போடுவதென்றால் தான் வந்து பார்த்துவிட்டுச் சொல்வதாகச் சொன்னாள்.

வாயோஸ் இரண்டு கோடுகளையும் நன்றாகப் பார்த்துக்கொண்டான். பிறகு பின்பலகையைக் கழுவிவிட வாளியில் தண்ணீர் எடுக்கப் போனான். வண்டிக் கதவைத் திறந்துகொண்டே அஸ்பசியா தோமாயியிடம் இன்னும் ஒன்று சொன்னாள். "இது குறைஞ்சாலும் ஆபத்து, கூடினாலும் ஆபத்து அக்கா. கூடிப்போச்சுன்னா விஷம்." தோமாயி சரி என்றாள்.

அன்று மாலைக்குள் வேலையை முடித்துவிட்டார்கள். தோமாயி பிடித்துக்கொண்டாள், வாயோஸ் போட்டான். நடுங்காத கை. ஒவ்வொரு தடவையும் சிரிஞ்சை வெளிச்சத்தில் பிடித்துக் கோட்டைச் சரிபார்த்தான். தோமாயிக்கே அது பிடித்திருந்தது. ஆட்டுக்காரன் ஆகிவிட்டாய் என்று ஒரு வார்த்தை சொன்னாள். குப்பியில் மருந்து மிச்சமிருந்தது. அவன் அதை ஜன்னல் மாடத்தில் வைத்தான்.

மறுநாள் தோமாயி கொசானிக்குப் போகவேண்டியிருந்தது. இறந்துபோன தங்கை புருஷனுக்கு அங்கே நாற்பதாம் நாள் பூசை. பூசையில் வைக்க, சர்க்கரை தூவிய அவித்த கோதுமைத் தட்டைத் துணியால் மூடி மடியில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள். குட்டிகளை ஓடவிடாதே என்று ஜன்னல் வழியாகச் சொல்லிவிட்டுப் போனாள்.

அடுத்த நாள் காலையில் வாயோஸ் கொட்டிலுக்குள் நுழைந்தபோது, முதன்முதலில் விறைத்துப்போன அந்தக் கிடாய்க்குட்டி நின்றுகொண்டிருந்தது. கால் கொஞ்சம் விறைப்பாகத்தான் இருந்தது. ஆனால் யாரும் பிடிக்காமல் நின்றது. தாயிடம் தானாக நடந்துபோய் மடியை முட்டியது. வாயோஸ் பால் வாளியைக் கவிழ்த்துப்போட்டு அதன்மேல் உட்கார்ந்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தான். மின்நிலையத்தில் நின்றுபோன இயந்திரங்கள் ஓடியதைப் பலமுறை பார்த்திருக்கிறான். இது அப்படி இல்லை.

காப்பிக்கடைக்குப் போய்ச் சொன்னான். சொல்லச் சொல்லக் கதை பெரிதாயிற்று. ப்ரோத்ரோமோஸ் அவனுக்கு ஒரு கிளாஸ் சிப்பூரோ சாராயம் ஊற்றிக்கொடுத்து, "கல்லறைப் பக்கம் அந்த ஊசியக் கொண்டு போயிடாதப்பா. எங்க மாமியார் எந்திரிச்சு வந்துட்டா நீதான் சோறு போடணும்," என்றான். வாயோஸ் அன்று எல்லோருக்கும் ஒரு சுற்று வாங்கிக்கொடுத்துவிட்டு வீடு திரும்பினான்.

கொட்டிலில் நான்கு பெட்டைக்குட்டிகள் தனியாக இருந்தன. பால் வளத்துக்குப் பேர்போன ஸ்கோபெலோஸ் இன ஆடுகள் இரண்டைத் தேடி வாங்கியிருந்தான். இரண்டும் இரட்டை ஈன்றன, நான்கும் பெட்டை. கிடாய்க்குட்டிகள் ஈஸ்டர் கறிக்குப் போய்விடும். இந்த நான்கும்தான் வருங்காலம். இலவங்கப்பட்டை நிறத்தில் இருந்தது கானேலா. புள்ளி போட்டது லியாரா. மற்ற இரண்டும் பர்த்சா, ஃப்ளோரா. நான்குக்கும் பெயர் வைத்தது அவன்தான். நான்குக்கும் மற்றவற்றோடு முந்தாநாளே குட்டிக்குரிய அளவு மருந்து போட்டாகிவிட்டது. நான்கும் நன்றாகவே இருந்தன.

கானேலா மட்டும் மற்றவை எழுந்த பிறகும் வெயில் விழும் மூலையில் கொஞ்சம் கூடுதலாகப் படுத்திருந்தது. அவ்வளவுதான். அவன் அதைத் தூக்கி நிறுத்தினான். நின்றது. நடந்தது. கால் விறைத்திருக்கிறதா என்று தடவிப் பார்த்தான். விறைப்பு இருப்பதுபோலவும் இருந்தது, இல்லாததுபோலவும் இருந்தது. வேலியோரம் துள்ளி விழுந்த குட்டிக்கும் முதல்நாள்வரை ஒன்றுமில்லை என்பது அவன் நினைவுக்கு வந்தது.

மின்நிலையத்தில் மேஸ்திரி சொன்ன அளவுக்கு போல்ட்டை முறுக்கிய பிறகு, அவர் நகர்ந்ததும் வாயோஸ் இன்னொரு கால் சுற்று முறுக்குவான். அவன் கைபட்ட குழாய் எதுவும் ஒழுகியதில்லை. அந்தப் பழக்கத்தில்தான் யோசித்தான். சாகக்கிடந்ததையே இத்தனை சின்ன அளவு எழுப்பிவிட்டது என்றால், நல்ல குட்டிக்கு முழு அளவு போட்டால் எவ்வளவு திடமாக நிற்கும். தாயாட்டுக்குப் போடலாம் என்றால் அது கெடுதலான சரக்கு அல்ல. டாக்டர் ஒரே தடவை என்றது மருந்து தீர்ந்துவிடும் என்பதற்காக இருக்கலாம்.

ஜன்னல் மாடத்திலிருந்து குப்பியை எடுத்தான். நான்கு பெட்டைக்குட்டிகளுக்கும், மேலே இருந்த கோடு வரைக்கும் ஏற்றி, ஒவ்வொன்றாகப் போட்டான். வலிக்காமல் இருக்கப் போட்ட இடத்தைக் கட்டைவிரலால் தேய்த்துவிட்டான். மற்ற குட்டிகளுக்கு மருந்து போதாது. போதியிருந்தாலும் அவற்றுக்குப் போட்டிருப்பானா என்பது சந்தேகம்தான்.

தோமாயி மதியம் போன் செய்தாள். கிடாய்க்குட்டி நடக்கிறது என்று சொன்னான். அவள் சந்தோஷப்பட்டாள். கோயிலில் கூட்டம், தங்கை தேறிவருகிறாள் என்றாள். ஊசியைப் பற்றி அவன் சொல்லவில்லை. மறைக்கவேண்டும் என்று நினைக்கவில்லை. வந்து பார்த்து அவளே வியக்கட்டும் என்று நினைத்தான்.

பிற்பகலில் பனி விழ ஆரம்பித்தது. தண்ணீர் வைக்கப் போனவன், கானேலா சுவர்ப்பக்கம் தலையைத் தொங்கப்போட்டு நிற்பதைப் பார்த்தான். மடிக்குப் போகவில்லை. விலா வேகமாக ஏறி இறங்கியது. வாயோரம் நுரை. பர்த்சா ஏற்கனவே படுத்துவிட்டிருந்தது, மூச்சு விடுவதற்குக் கழுத்தை நீட்டிக்கொண்டு. கொஞ்ச நேரத்தில் மற்ற இரண்டும் அப்படியே ஆயின. கிடாய்க்குட்டிகள் அவற்றைச் சுற்றி விளையாடிக்கொண்டிருந்தன.

அவன் அஸ்பசியாவுக்குப் போன் போட்டான். அவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, எவ்வளவு மருந்து போட்டீர்கள் என்று கேட்டாள்.

"நீங்க சொன்ன அளவுதான்."

"மறுபடி போட்டீங்களா வாயோஸ் அண்ணே?"

அவள் காத்திருந்தாள். அந்தப் பக்கம் டிவி ஓடிக்கொண்டிருந்தது, யாரோ அதன் சத்தத்தைக் குறைத்தார்கள்.

"போட்டேன். நாலு பெட்டைக்கு."

"எந்தக் கோடு வரைக்கும்?"

"தாயோடது."

அவள் குரலை உயர்த்தாமல் சொன்னாள். "இதுக்கு மாத்து மருந்து கிடையாதுண்ணே. சூடா வைங்க, அசையவிடாதீங்க. ரோடு திறந்ததும் வர்றேன். வந்தும் நான் ஒண்ணும் செய்யப்போறதில்ல, அதையும் சொல்லிடறேன்."

விடிந்தபோது கானேலா, பர்த்சா, ஃப்ளோரா மூன்றும் செத்திருந்தன. லியாரா உயிரோடு இருந்தது. வாயோஸ் அதைத் தன் கோட்டுக்குள் வைத்துக்கொண்டு அடுப்படியில் உட்கார்ந்திருந்தான்.

பனி வாரும் வண்டி வந்துபோன பிறகு பஸ் வந்தது. தோமாயி வீட்டுக்குள் போகாமல் நேரே கொட்டிலுக்குத்தான் போனாள். கிடாய்க்குட்டிகள் எல்லாம் நிற்பதைப் பார்த்தாள். பிறகு ஸ்கோபெலோஸ் ஆடுகள் இரண்டும் கத்திக்கொண்டிருப்பதையும், மடிகள் வெடிப்பதுபோல் இருப்பதையும் பார்த்தாள்.

"வாயோ, கானேலா எங்க?"

அவன் சொன்னான். எதையும் விடாமல், கோடு முதற்கொண்டு சொன்னான். அவள் பையைத் தரையில் வைத்துவிட்டு வாளியை எடுத்துக்கொண்டு வந்து கானேலாவின் தாயாட்டின் பக்கத்தில் குந்தினாள். மடியை அப்படியே விட்டால் கட்டிக்கொள்ளும், யாராவது கறக்கத்தான் வேண்டும். பாதி கறந்த பிறகு பேசினாள்.

"கூடிப்போனா விஷம்னு அவ எங்கிட்ட சொன்னா. நான் உங்கிட்ட சொன்னேனா?"

"சொல்லலை."

"சொல்லியிருந்தா கேட்டிருப்பியா?"

அவன் உண்மையாகவே யோசித்துப் பார்த்தான். "தெரியல," என்றான்.

அவள் வாளியை மாற்றி வைத்துவிட்டு அடுத்த ஆட்டுக்குப் போனாள்.

அன்று மாலை அஸ்பசியா வந்தாள். லியாராவின் நெஞ்சில் குழாயை வைத்துக் கேட்டுவிட்டு, பிழைக்கும், ஆனால் பழையபடி ஆகாது என்றாள். குப்பியை விட்டுவிட்டுப் போனது தன் தவறு என்றும், சொல்லவேண்டிய ஆளிடம் சொல்லாமல் போனதும் தன் தவறு என்றும் சொன்னாள். இல்லை, தன் தவறு என்றாள் தோமாயி. வாயோஸ் இருவரையும் பார்த்துக்கொண்டு நின்றான். யாராவது ஒருத்தி தன்னைப் பிடித்து உலுக்கித் திட்டியிருந்தால் அவனுக்கு நன்றாக இருந்திருக்கும். இருவருமே திட்டவில்லை. மூன்று குட்டிகளையும் பேரி மரத்துக்குப் பின்னால் புதைக்கக் குழி தோண்டியபோது மண் உறைந்து கல்லாக இருந்தது. கடப்பாரை கொண்டு தேவைக்கு மேலே ஆழமாகத் தோண்டினான். பாதியில் தோமாயி வந்து போதும் என்று நிறுத்தினாள்.

காப்பிக்கடையில் இரண்டு வாரம் அவனைக் காணவில்லை. பிறகு போனான். செய்தி முன்னாலேயே போய்ச் சேர்ந்திருந்தது. ப்ரோத்ரோமோஸ் காப்பியை வைத்துவிட்டு, வானிலையைப் பற்றி மட்டும் பேசினான். அவன் கிண்டல் செய்யாமல் இருந்தது வாயோஸுக்கு மிகவும் கஷ்டமாக இருந்தது.

வசந்தத்தில் புல்லையும் மண்ணையும் ஆய்வுக்கு அனுப்பினார்கள். அஸ்பசியா சொன்னது சரிதான் என்று வந்தது. கொட்டிலில் தாது உப்புக்கட்டி தொங்கியது. சமவெளியிலிருந்து குதிரைமசால் தீவனக் கட்டுகள் லாரியில் வந்து இறங்கின. சொந்தப் புல்லோடு அதையும் கலந்து போட்டார்கள். ஈஸ்டருக்கு முந்தைய வாரம் வியாபாரி வந்தபோது, முதலில் விறைத்துப்போய், ஊசியால் எழுந்து நின்ற அந்தக் கிடாய்க்குட்டியும் மற்றவற்றோடு நல்ல எடையில் போயிற்று. வாயோஸ்தான் அதை வண்டியில் தூக்கிவிட்டான். அது அவன் கையில் உதைத்தது. பலமான உதை.

அடுத்த குளிர்காலத்தில், ஈனுவதற்கு ஒரு மாதம் முன்னால் அஸ்பசியா தானே வந்து தாயாடுகளுக்கு ஊசி போட்டாள். அந்த வருஷம் ஒரு குட்டியும் விறைக்கவில்லை. ஸ்கோபெலோஸ் ஆடுகள் இரண்டும் கிடாயாகவே ஈன்றன. அதற்கு யாரும் எதுவும் செய்யமுடியாது.

லியாரா வளர்ந்தது, ஆனால் குட்டையாகவே நின்றுவிட்டது. மேட்டில் ஏறினால் மூச்சு வாங்கியது. சினை பிடிக்கவில்லை. ஒருநாள் தீவனம் போடும்போது தோமாயி பேச்சை எடுத்தாள்.

"இது பால் தராது, வாயோ. குட்டியும் போடாது."

"தெரியும்."

"தீனி மட்டும் திங்கும்."

"தின்னட்டும்."

அவள் அவனைப் பார்த்தாள். இதற்குமேல் பேசினால் சண்டைதான் வரும், சண்டை போட அன்றைக்கு நேரமில்லை. கிடாய்க்குட்டிகளைத் தனியாகப் பிரிக்கவேண்டியிருந்தது. குதிரைமசாலில் ஒரு கையளவு எடுத்து லியாராவின் முன்னால் போட்டுவிட்டு அந்த வேலையைப் பார்க்கப் போனாள்.